இதர் சோனா ஹை

பாராடாங் ரோடு கேம்ப்,
அந்தமான்.
22-4-1973

அன்பு மரகதத்துக்கு,

உன் புருஷன் ஜம்புலிங்கம் எழுதுறேன். நான் இங்கே நல்லா இருக்கேன். என் ரத்தத்தைக் குடிச்சு இங்கே இருக்கிற கொசுவும் நல்லா இருக்கு. பொன்னம்மா எப்படிப் படிக்கிறா, சின்னவன் இன்னும் மண்ணு தின்கிறானா, உங்க அண்ணி மூஞ்சியைத் தூக்கி வச்சுக்காம சோறு போடுறாளா, எல்லாத்தையும் விவரமா எழுது.

வேலை பரவாயில்லை. தங்கவயல்ல கொதிக்கிற சூட்டுல, மைல் கணக்கா ஆழத்துல வேட்டு வச்சவனுக்கு, ஆகாசத்துக்குக் கீழே நின்னு ரோட்டுக்குப் பாறை உடைக்கிறது ஒரு வேலையா? காண்ட்ராக்டர் என்னை எல்லார்கிட்டேயும் "கோலார் மிஸ்திரி"ன்னு பெருமையாச் சொல்றார். பூமிக்குள்ளே இனி இறங்க மாட்டேன், தங்கத்து மூஞ்சியில முழிக்க மாட்டேன்னு உன் தலையில கை வச்சு சத்தியம் பண்ணினேன். அதுபடிதான் இருக்கேன்.

கஷ்டம் பாஷைதான். பெங்காலி, தெலுங்கு, மலையாளி, எல்லாரும் இங்கே ஹிந்தியிலதான் பேசிக்கிறாங்க. நானும் பானி, கானா, சலோ, ஜல்தின்னு கொஞ்சம் கத்துக்கிட்டு அதை வச்சே ஆளுங்களை மேய்க்கிறேன். ஆனா ஒரு விஷயம் நினைச்சாலே பத்திக்கிட்டு வருது. என் கீழே ராஞ்சிப் பக்கத்துல இருந்து வந்த கூலிக் கும்பல் ஒண்ணு இருக்கு. அதுக்கு மங்ரான்னு ஒருத்தன் தலைவன். தினம் வேலை முடிஞ்சதும் என் முன்னாடி வந்து நின்னு, "மச்சான், மச்சான்"ங்கிறான். யாருடா உனக்கு மச்சான்? உன் அக்காளையா நான் கட்டியிருக்கேன்? எனக்கு இருக்கிறது ஒரே மச்சான், உங்க அண்ணன் பன்னீர்செல்வம். அவனே என்னை அப்படிக் கூப்பிட ரெண்டு வாட்டி யோசிப்பான். நேத்து கையை ஓங்கிட்டேன். அவன் சம்சாரம் புத்னி குறுக்கே வந்து நின்னு அழுதுச்சு. போய்த் தொலைன்னு விட்டுட்டேன்.

நல்ல சேதிக்கு வர்றேன். போர்ட் பிளேர்ல ஹேடோன்னு ஒரு இடம், மெயின்லேண்ட் கப்பல் வந்து நிக்கிற துறை. அதுக்கு மேலேயே ஒரு அறை பேசி வச்சிருக்கேன். பள்ளிக்கூடம் கிட்டே. ஜூன் மாசக் கப்பல்ல நீங்க மூணு பேரும் வந்திடலாம். மூட்டையைக் கட்டு.

உன்,
ஜம்புலிங்கம்


ஆண்டர்சன்பேட்,
தங்கவயல்.
15-5-1973

அன்புள்ள மாமாவுக்கு,

மரகதத்தின் வணக்கம். உங்க கடுதாசியைக் கைருன்பீ வீட்டு வாசல்ல உட்கார்ந்து மூணு தரம் படிச்சேன். அண்ணன் வீட்டுல உட்கார்ந்து படிச்சா என்ன எழுதியிருக்கார், பணம் அனுப்பியிருக்காரான்னு ஆளாளுக்கு எட்டிப் பார்க்கிறாங்க. பக்கத்து வீட்டுல கைருன்பீன்னு ஒருத்தி இருக்கிறதாலதான் எனக்கு மூச்சு விட ஒரு இடம் இருக்கு.

நீங்க வேலையை விட்டதும் கம்பெனி லைன் வீட்டைக் காலி பண்ணச் சொல்லிட்டாங்க, நாங்க அண்ணன் வீட்டுக்கு வந்து ஆச்சு ஒரு வருஷம். அண்ணி நல்லவதான். ஒரு சுடுசொல் சொல்ல மாட்டா. ஆனா அரிசிப் பானையை மூடுற சத்தம் மட்டும் இப்பல்லாம் கொஞ்சம் பலமாக் கேக்குது. சின்னவன் ரெண்டாம் தரம் சோறு கேட்டா நான் அவன் தொடையைக் கிள்ளுறேன். இதையெல்லாம் எழுதக் கூடாதுன்னுதான் இருந்தேன். ஜூன்ல வரச் சொல்லிட்டீங்க, அதனால எழுதுறேன்.

ஏன் மாமா, யாரோ உங்களை மச்சான்னு கூப்பிட்டா கூப்பிட்டுப் போறான். கண் காணாத தீவுல உறவு கொண்டாட ஒருத்தன் கிடைச்சானேன்னு சந்தோஷப்படாம கையை ஓங்குவாங்களா? அந்தப் பொண்ணு புத்னி அழுததுன்னு எழுதியிருக்கீங்க, எனக்கு அது என்னமோ போல இருந்துச்சு. நான் வந்ததும் அதுகிட்டே பேசிக்கிறேன். ஹிந்தி தெரியாட்டி என்ன, கைருன்பீகிட்டே கொஞ்சம் துலுக்கு பேசக் கத்துக்கிட்டுதான் வரப்போறேன், அதுவும் ஹிந்தி மாதிரிதானாம்.

பொன்னம்மாவுக்குப் பள்ளிக்கூடத்துல டி.சி. வாங்கியாச்சு. ஹெட்மாஸ்டர், "அந்தமானா? ஜெயிலுக்கா?"ன்னு கேட்டார். எங்க வீட்டுக்காரர் அங்கே மிஸ்திரின்னு சொன்னேன். சொல்லும்போது தலை கொஞ்சம் நிமிர்ந்துதான் இருந்துச்சு. கப்பல் என்னைக்குன்னு உடனே எழுதுங்க.

இப்படிக்கு,
உங்க மரகதம்


பாராடாங்,
10-6-1973

மரகதம்,

இந்தக் கடுதாசியை யாருக்கும் காட்டாதே. படிச்சதும் அடுப்புல போட்டுடு. இப்போ வர வேண்டாம். ஹேடோ அறையையும் வேண்டாம்னு சொல்லிட்டேன். கோவிச்சுக்காதே, காரணத்தைக் கேளு.

இங்கே தங்கம் இருக்கு.

எங்க கேம்புக்குப் பக்கத்துல ஒரு மேடு. சுத்திலும் கடல் தண்ணி உள்ளே ஏறி வர்ற கிரீக்குச் சேறு, மழையில எல்லாம் சொதசொதன்னு கிடக்கு, அந்த மேடு மட்டும் காய்ஞ்ச தரை. போன வாரம் சாயங்காலம் பார்த்தா மங்ரா கும்பல் மொத்தமும் அங்கே உட்கார்ந்திருக்கு. எழுந்திரிங்கடான்னேன். எழுந்திரிக்கல. மங்ரா தரையைக் கையால தட்டித் தட்டிக் காட்டி, "மச்சான் சாஹியே. இதர் சோனா ஹை"ன்னான். ஒவ்வொரு வார்த்தையாப் பிரிச்சுப் பார்த்தேன். "சாஹியே"ன்னா வேணும். "இதர்"னா இங்கே. "சோனா"தான் கைருன்பீ வாயில நூறு தரம் கேட்டிருக்கோமே, தங்கம்! மச்சான் வேணும், இங்கே தங்கம் இருக்கு. இத்தனை நாளா அவன் மச்சான் மச்சான்னு ஏன் சுத்தினான்னு அப்பதான் விளங்குச்சு. கூட்டுச் சேர்த்துக்க அவனுக்கு ஒரு சொந்தக்காரன் வேணும், அதுவும் வேட்டு வைக்கத் தெரிஞ்ச கோலார்க்காரன் வேணும்! எப்பேர்ப்பட்ட தந்திரம் பாரு.

நான் ஏமாளி இல்லை. அத்தனை பேரையும் மேட்டை விட்டுக் கிளப்பி, கிரீக் ஓரமாப் போய்ப் படுங்கடான்னு விரட்டிட்டேன். முள்ளு வேலி போட்டாச்சு. மங்ரா தலையில தலையில அடிச்சுக்கிட்டான். தங்கம் கையை விட்டுப் போனா எவன்தான் அடிச்சுக்க மாட்டான்?

வேலை முடிஞ்சதும் தனியாத் தோண்டுறேன். இடுப்பளவு போனதுமே வெள்ளைக் கல்லு ரேகை! நம்ம ஊர்ல என்ன இருக்கு, யோசிச்சுப் பாரு. ரெண்டு பக்கமும் கருத்த பாறை, நடுவுல வெள்ளைக் கல்லு. மேலே பார்த்தா ஒரு முழம்கூட அகலம் இருக்காது. ஆனா மேற்கே சாய்ஞ்சு இறங்குது பாரு, பாதாளம் வரைக்கும். அதையும் ஆதி காலத்துல யாரோ தோண்டிப் போட்ட பள்ளங்களைப் பார்த்துத்தானே வெள்ளைக்காரன் வந்து கம்பெனி வச்சான்? முதல்ல பார்த்தவனுக்கு அது வெறும் பள்ளம். இங்கே முதல்ல பார்த்தவன் நான்.

எல்லாம் மனசுல போட்டு வச்சிருக்கேன். மேட்டு உச்சியிலேருந்து நேரா கீழே ஷாஃப்ட். நூறு அடிக்கு ஒரு மாடி மாதிரி லெவல். அங்கேருந்து ரேகையைப் பிடிக்கக் குறுக்கே ஒரு சுரங்கம், பிடிச்சதும் ரேகையோடவே வடக்கும் தெற்கும் ரெண்டு. கிரீக் கரையில கல் அரைக்கிற மில். மூட்டை நேரா படகுல ஹேடோ போகும். கவர்மெண்டுக்கு எழுதி என் பேரைப் பதிஞ்சுட்டா அப்புறம் மிஸ்திரி இல்லை, முதலாளி. உங்க அண்ணி அரிசிப் பானையை எப்படி மூடுறான்னு அப்போ பார்ப்போம்.

உங்க அப்பா வச்சிருந்த மண் அலசுற தட்டு பரண்ல கிடக்கும். பார்சல்ல அனுப்பு.

ஜம்புலிங்கம்


ஆண்டர்சன்பேட்,
8-7-1973

மாமாவுக்கு,

அன்புள்ளன்னு எழுதப் பேனா வரல. எழுதாமலே ஆரம்பிக்கிறேன்.

என்ன சத்தியம் பண்ணினீங்க? யார் தலையில கை வச்சுப் பண்ணினீங்க? பாறை வெடிச்சு உங்க கூட்டாளியை வெளியே எடுத்த அன்னிக்கு, என் மடியில படுத்துக்கிட்டு, "மரகதம், இந்தச் சனியன் தங்கமே வேண்டாம், பிச்சை எடுத்தாவது பொழைச்சுக்கலாம்"னு குலுங்கிக் குலுங்கி அழுதீங்களே. அந்த வாய்தானா இது? தங்கத்தை விட்டு ஓடணும்னு கடல் தாண்டிப் போன மனுஷன், அங்கே போய்க் குழி தோண்டிக்கிட்டு நிக்கிறார். தூ!

முதலாளியாம் முதலாளி. இத்தனை வருஷம் இறங்கினீங்களே, கண்ணால தங்கம் பார்த்தீங்களா? வண்டி வண்டியாக் கல்லை அரைச்சா ஒரு மூக்குத்திக்குத் தேறும், மிச்சமெல்லாம் சைனைடு ஊத்தி அலசின மண்ணா, மலையாக் குவிஞ்சு கிடக்கு. காத்தடிச்சா அந்த மண்ணுதான் எங்க சோத்துல விழுது. அதைத் தின்னுதான் உங்க புள்ள வளருது. ஷிப்டு விட்டு வரும்போது கேட்டுல உங்களை நிக்க வச்சு வாயைத் திறக்கச் சொல்லிப் பார்ப்பாங்க, ஞாபகம் இருக்கா? என் கழுத்துல இன்னிக்கும் மஞ்சக் கயிறுதான்.

எங்கப்பா ஆயுசு முழுக்க சாம்பிள் கல்லு மூட்டை தூக்கினவர். அவர் சொல்லிக் கேட்டிருக்கேன், இங்கே இருக்கிற கருத்த பாறை உலகம் பொறந்தப்போ பொறந்தது, அது வெடிச்ச வெடிப்புல அடியிலேருந்து கொதிச்சு ஏறின தண்ணிதான் வெள்ளைக் கல்லையும் தங்கத்தையும் விட்டுட்டுப் போச்சுன்னு. உங்க பாராடாங்குல என்ன இருக்கு? சேறு குமிழ் விட்டுக் கொதிக்கிற இடமும், சுண்ணாம்புக் குகையும் இருக்குன்னு முன்னாடி நீங்கதானே எழுதினீங்க? நேத்து பொறந்த மண்ணு மாதிரி இருக்கு. அந்த வெள்ளைக் கல்லை உடைச்சுப் பொடி பண்ணி எலுமிச்சம்பழம் பிழியுங்க. நுரைச்சா சுண்ணாம்பு. வெத்தலைக்குத் தடவிக்கலாம்.

டி.சி. வாங்கின புள்ளையை வீட்டுல வச்சுக்கிட்டு நான்...

சாயங்காலம் எழுதுறேன். மேலே எழுதிக்கிட்டு இருக்கும்போதே கைருன்பீ வந்தா. என் மூஞ்சியைப் பார்த்துட்டு என்னடின்னு கேட்டா. யாருக்கும் காட்டாதேன்னு எழுதியிருந்தீங்க, காட்டல. ஆனா அந்த ஒரு வரியை மட்டும் படிச்சேன். "மச்சான் சாஹியே, இதர் சோனா ஹை." அவ முந்தானையை வாயில வச்சுக்கிட்டு உருண்டு உருண்டு சிரிச்சா. எனக்குக் கோபம். அப்புறம் சொன்னா.

மச்சான்னா அவங்க பாஷையில மூங்கில் பரணாம் மாமா. தரையில படுக்க முடியாத இடத்துல கால் நட்டு உயரமாக் கட்டுவாங்களே, அது. சோனான்னா தங்கமும்தான், தூங்குறதும்தான். "பரண் வேணும். இங்கே தூங்கணும்." அவ்வளவுதான் அந்த மனுஷன் கேட்டது!

நானும் சிரிச்சேன். பொய் சொல்ல மாட்டேன், கண்ணுல தண்ணி வரச் சிரிச்சேன். சிரிச்சுக்கிட்டே உங்க கடுதாசியை மறுபடி பார்த்தேன். "கிரீக் ஓரமாப் போய்ப் படுங்கடான்னு விரட்டிட்டேன்"னு இருந்துச்சு. அதோட சிரிப்பு நின்னு போச்சு. கைருன்பீ என்னடின்னு திரும்பவும் கேட்டா. அவகிட்டே இதைச் சொல்ல எனக்கு வெக்கமா இருந்துச்சு.

நாள் பூரா உங்களுக்காகக் கல் உடைச்சவங்க, ராத்திரி படுக்க ஒரு காய்ஞ்ச இடம் கேட்டிருக்காங்க. கேட்டதுக்குக் கை ஓங்கினீங்க. தரையைத் தட்டிக் காட்டிக் கெஞ்சினதுக்கு வேலி போட்டீங்க. அடப்பாவி மனுஷா! நைட் ஷிப்டு முடிச்சு நீங்க வந்து படுத்தா, பக்கத்து லைன் வீட்டுக் கோழி கொக்கரிச்சாக்கூட நான் சண்டைக்குப் போவேன். புள்ளைங்களைத் தூக்கிக்கிட்டு வெயில்ல போய் உட்கார்ந்திருப்பேன், உங்க தூக்கம் கெடக் கூடாதுன்னு. தூக்கம்னா என்னன்னு தெரியாதவரா நீங்க?

இந்தக் கடுதாசி கைக்கு வந்த உடனே வேலியைப் பிடுங்குங்க. பரணை நீங்களே கட்டுங்க. தட்டு அனுப்ப மாட்டேன்.

மரகதம்


பாராடாங்,
6-8-1973

அன்பு மரகதத்துக்கு,

உன் கடுதாசி வந்துச்சு. புருஷனுக்கு எழுதுற கடுதாசியா அது? தூன்னு எழுதியிருக்கே. சரி, போகட்டும்.

நீ சொன்னது சரிதான். கேம்ப் ஸ்டோர்ல இருக்கிற மலையாளிகிட்டே கேட்டேன். அவன் அரிசி மூட்டை மேலே விழுந்து சிரிச்சான். எலுமிச்சம்பழமும் பிழிஞ்சு பார்த்தேன், நுரைச்சுச்சு. குழியில ஆள் மட்டத்துக்குத் தண்ணி நிக்குது. அன்னியிலிருந்து பெங்காலி டிரைவர்லேருந்து சமையக்காரன் வரைக்கும் என்னை "சோனா மிஸ்திரி"ங்கிறானுக. நான் வர்றப்போ கண்ணை மூடிக் குறட்டை விட்டுக் காட்டுறானுக. ஒரு வார்த்தை தெரியாததுக்கு இவ்வளவு அவமானமா? அந்த மங்ரா ஒழுங்கா, நிதானமாச் சொல்லியிருக்கலாம் இல்லை? கூலிக்காரனுக்குத் தங்க இடம் கொடுக்க வேண்டியது காண்ட்ராக்டர். கொடுக்கல. அதைக் கேக்க யாருக்கும் துப்பில்லை, என்னைக் கேக்குற.

வேலியைப் பிடுங்கிட்டேன். பரண் கட்ட மூங்கிலும் வெட்டிப் போட்டேன். ஆனா அவங்க யாரும் இப்போ இங்கே இல்லை, வேற காண்ட்ராக்டர் கொட்டாய்க்குப் போயிட்டாங்க. சேத்துல படுத்து நாலஞ்சு பேருக்கு ஜுரம். அந்தப் புத்னி முழுகாம இருந்திருக்கு, எனக்கு எப்படித் தெரியும்? ஜுரம் அதிகமாகிப் போர்ட் பிளேர் ஆஸ்பத்திரிக்குப் படகுல கொண்டு போனாங்க. புள்ளை தங்கல. அது ஆண்டவன் விட்ட வழி, நான் என்ன பண்ண முடியும்? இப்போ திரும்பி வந்திடுச்சு. ஆனா யாரோடயும் பேசாம உட்கார்ந்திருக்காம். அதை அவங்க அம்மாகிட்டே கொண்டு போய் விடணும்னு மங்ரா மறுபடியும் என் முன்னாடி வந்து நிக்கிறான். கல்கத்தாக் கப்பலுக்கு டிக்கெட் வேணுமாம். என்கிட்டே கேக்கிறான்! இந்தத் தடவை எல்லா வார்த்தையும் எனக்குப் புரிஞ்சுச்சு. போய்க் காண்ட்ராக்டரைக் கேளுன்னு அனுப்பிட்டேன். இன்னிக்கு இவனுக்குக் கொடுத்தா நாளைக்குக் கும்பலே வந்து நிக்கும்.

நடந்தது நடந்து போச்சு. யாருக்கும் நஷ்டமில்லை, ஒரு குழி தோண்டினதோட சரி. ஹேடோவுல கெஞ்சிக் கூத்தாடி அதே அறையை மறுபடி பிடிச்சிட்டேன். உங்க மூணு பேர் டிக்கெட்டுக்கும் மணியார்டர் அனுப்பியிருக்கேன். செப்டம்பர் கப்பலைப் பிடிச்சு வந்து சேரு. புள்ளைங்க முகத்தைப் பார்த்தா எனக்கு எல்லாம் சரியாப் போயிடும். உன்னைப் பார்க்காம ராத்திரியெல்லாம் பிடிக்க மாட்டேங்குது மரகதம். வந்து நேர்ல திட்டு.

உன்,
ஜம்புலிங்கம்


ஆண்டர்சன்பேட்,
2-9-1973

மாமாவுக்கு,

யாருக்கும் நஷ்டமில்லைன்னு எழுத உங்க கை எப்படி வந்துச்சு?

அந்த வரிக்கு மேலேதானே அந்தப் பொண்ணைப் பத்தி எழுதியிருக்கீங்க. மை காயறதுக்குள்ளே மறந்துட்டீங்களா? சின்னவன் என் வயித்துல இருந்தப்போ லைன் வீட்டுக் கூரை ஒழுகுச்சு. நீங்க விடிய விடிய என் தலைக்கு மேலே ஒரு தகரத்தைப் பிடிச்சுக்கிட்டு நின்னீங்க. காலையில அப்படியே ஷிப்டுக்குப் போனீங்க. அந்த மனுஷனைத்தான் எனக்குத் தெரியும். அவர் எங்கே போனார்?

பாஷை தெரியலைங்கிறதை நான் ஒத்துக்கிறேன். தெரியாம நடந்த தப்பு, போகட்டும். ஆனா டிக்கெட் கேட்டு வந்து நின்னப்போ எல்லா வார்த்தையும் புரிஞ்சுச்சுன்னு நீங்களே எழுதியிருக்கீங்க. புரிஞ்சுதான் விரட்டியிருக்கீங்க. அதை என்னால தாங்க முடியல. தங்கம் கிடைக்கலையேன்னு எல்லாரும் உங்களைக் கேலி பண்றாங்களாம். கிடைச்சிருந்தா? கிடைச்சிருந்தா அந்தப் பொண்ணு பேரே உங்க கடுதாசியில வந்திருக்காது. கூலிக்காரன், கூலிக்காரன்னு எழுதுறீங்க. நீங்க யாரு மாமா? நான் யார் பொண்ணு?

நாங்க அண்ணன் வீட்டுல இப்போ இல்லை. கைருன்பீ வீட்டுப் பின்கட்டுல இருக்கோம். அவ மெஷின்ல ஜாக்கெட் தைக்கிறேன், அவளே துணி பிடிச்சுக் கொடுக்கிறா. பொன்னம்மா காஜா எடுக்கிறா. அண்ணன் வந்து, வீட்டு மானம் போகுதுன்னு கத்திட்டுப் போனான். சின்னவன் கேட்டா ரெண்டாம் தரமும் சோறு போடுறேன். எங்களைப் பத்திக் கவலைப்பட வேண்டாம்.

நீங்க டிக்கெட்டுக்கு அனுப்பின பணத்தை அப்படியே திருப்பி அனுப்பியிருக்கேன். அதுல மங்ராவுக்கும் புத்னிக்கும் கல்கத்தாக் கப்பலுக்கு டிக்கெட் எடுங்க. யார் கையிலயும் கொடுத்து அனுப்பாதீங்க. நீங்களே ஹேடோ வரைக்கும் கூடப் போங்க. மூட்டையை நீங்க தூக்குங்க. அதுகிட்டே ஏதாவது பேசணும்னு தோணிச்சுன்னா பேசுங்க. வார்த்தை வரலைன்னா சும்மா நில்லுங்க, கப்பல் கிளம்புற வரைக்கும் நில்லுங்க.

நாங்க எப்போ வர்றோம்னு இப்போ கேக்காதீங்க. முதல்ல அவங்க போகட்டும்.

மரகதம்